எந்த ஷூ?

டோக்கியோவுக்கு வந்து இரண்டாவது வருடம். எங்கள் பிரிவுத் தலைவரின் அம்மா தவறிவிட்டார் என்று காலையில் செய்தி வந்தது. அன்று சாயங்காலமே துக்கத்துக்குப் போக வேண்டும். கறுப்புக் கோட்டு ஒன்றை நண்பனிடம் இரவல் வாங்கிவிட்டேன். மற்றதெல்லாம் தெரியாது. பக்கத்து இருக்கைக்காரரிடம் கேட்டேன். அவர் பதில் சொல்லாமல் என்னைத் திருப்பிக் கேட்டார்: "அவங்க எந்த ஷூ?"

நான் குனிந்து என் காலைப் பார்த்தேன்.

அவர் சிரிக்கவில்லை, நல்ல மனிதர். ஷூ என்றால் பௌத்தத்தில் ஒரு பிரிவு என்று விளக்கினார். நம் ஊரில் வடகலையா தென்கலையா என்று கேட்பது போல. சரி, அவர்கள் எந்தப் பிரிவாக இருந்தால் நமக்கென்ன என்றேன். "உறை மேல் என்ன இருக்கணும்னு அப்பத்தானே தெரியும்?" என்றார்.

மதியம் கீழே இருந்த கன்வீனியன்ஸ் ஸ்டோரில் நான் வாங்கி வைத்திருந்த உறையைக் காட்டினேன். துக்க வீட்டில் கொடுக்கும் பணத்துக்கு 'கோதென்' என்று பெயர். தூபத்துக்கான காசு என்று பொருள். கிட்டத்தட்ட நம் மொய்தான், ஆனால் சாவுக்கு. உறையைச் சுற்றிக் கறுப்பும் வெள்ளையுமாக ஒரு கயிறு முடிச்சுப் போட்டிருந்தது. உள்ளே, மேலே செருகிக்கொள்ள மூன்று சீட்டுகள். 'ஆவியின் முன்னிலையில்' என்று ஒன்று, 'புத்தரின் முன்னிலையில்' என்று ஒன்று, 'தூபக் காசு' என்று ஒன்று. நான் முதல் சீட்டைச் செருகியிருந்தேன். அதுதான் மேலாக இருந்தது, வேறு காரணம் இல்லை. உள்ளே வைத்த 5,000 யென் தாளும் சலவைத் தாள். அதையும் எடுக்கச் சொல்லி ஒரு பழைய தாளை மாற்றிக் கொடுத்தார். புத்தம் புதுத் தாள் வைத்தால், இவர் சாவார் என்று முன்பே எதிர்பார்த்துத் தயாராக இருந்தோம் என்று ஆகிவிடுமாம்.

அப்புறம் இறுதிச் சடங்கு மண்டபத்துக்கே போன் போட்டு விசாரித்தார். ஜோதோ ஷின்ஷூ என்று பதில் வந்தது. உடனே என் உறையிலிருந்த சீட்டை உருவிவிட்டு 'புத்தரின் முன்னிலையில்' சீட்டைச் செருகினார். மற்றப் பிரிவுகளில் பெரும்பாலும், இறந்தவர் 49 நாள் ஆவியாக இருந்து பிறகுதான் புத்த நிலையை அடைவார். ஜோதோ ஷின்ஷூவில் அந்த இடைவெளியே கிடையாது. கண்ணை மூடினால் நேராக அமிதாபர் என்ற புத்தரின் தூய நாடு, நம் வைகுண்டம் மாதிரி. ஆவி என்று ஒன்று இல்லாதபோது அதன் முன்னிலையில் எப்படிப் பணம் வைப்பது?

"உங்க குடும்பம் எந்த ஷூ?" என்று அவரிடம் கேட்டேன். கொஞ்சம் யோசித்தார். "தெரியாது. அம்மாவைக் கேட்கணும்."

இந்த இரண்டும் ஒரே மத்தியானத்தில் நடந்தன. மூன்று காகிதச் சீட்டுகளுக்குள் ஒரு முழுத் தத்துவச் சண்டையே அடங்கியிருக்கிறது. அதை இவ்வளவு கவனமாகப் பின்பற்றுகிறவருக்குத் தான் எந்தக் கட்சி என்பதே தெரியவில்லை. பல வருடங்களாக இதைப் பற்றிக் கையில் கிடைத்ததையெல்லாம் படித்துக்கொண்டிருக்கிறேன். இந்தக் கட்டுரை அந்தப் படிப்பின் மிச்சம்.

*

பௌத்தம் ஜப்பானுக்கு வந்தது மக்கள் வழியாக அல்ல, அரசாங்கத் தபாலில். கொரியத் தீபகற்பத்தின் பெக்ஜே அரசன் ஒரு புத்தர் சிலையையும் சில சூத்திர நூல்களையும் ஜப்பானிய அரசவைக்கு அனுப்பினான். 538 என்று ஒரு கணக்கு, 552 என்று இன்னொரு கணக்கு. இந்த அயல்நாட்டுத் தெய்வத்தை ஏற்பதா வேண்டாமா என்று சோகா குலமும் மொனோனோபே குலமும் மோதிக்கொண்டன. 587-இல் போரில் சோகா குலம் ஜெயித்தது, புத்தரும் ஜெயித்தார்.

எட்டாம் நூற்றாண்டில் நாரா தலைநகராக இருந்தபோது ஆறு பிரிவுகள் இருந்தன. பிரிவு என்ற சொல் இங்கே கொஞ்சம் ஏமாற்றும். அவற்றைப் பல்கலைக்கழகத் துறைகள் என்று நினைத்துக்கொண்டால் சரியாக இருக்கும். ஒரே துறவி இரண்டு மூன்று பிரிவுகளைப் படிக்கலாம், ஒரே கோயிலில் பல பிரிவுகள் இருக்கலாம். ஊர் ஜனங்களுக்கும் இதற்கும் சம்பந்தமே இல்லை. துறவிகளின் வேலை நாட்டுக்காகப் பூஜை செய்வது. 735 முதல் 737 வரை பெரியம்மை நாட்டைச் சூறையாடியது. ஷோமு சக்கரவர்த்தி 741-இல் மாகாணம்தோறும் கோயில் கட்ட உத்தரவிட்டார். அதற்கும் மேலே போய், தோதாய்ஜி கோயிலில் சுமார் 15 மீட்டர் உயர வெண்கல புத்தரை வார்க்க வைத்தார்.

752-இல் அந்தச் சிலைக்குக் கண் திறந்தவர் போதிசேனர் என்ற இந்தியர். தென் இந்தியப் பிராமணர் என்று அவருடைய சீடர் எழுதிய குறிப்பு சொல்கிறது. மதுரைக்காரர் என்று நம்மவர்கள் சிலர் எழுதுகிறார்கள். எனக்கும் ஆசைதான், ஆனால் ஆசையை ஆதாரமாக வைக்க முடியாது. எனக்குப் பிடித்தது வேறு விஷயம். அவர் கண் வரைந்த தூரிகையில் நீண்ட நீலப் பட்டுக் கயிறுகளைக் கட்டி, கீழே நின்றவர்கள் கையில் பிடித்துக்கொள்ளக் கொடுத்தார்களாம். எல்லோரும் சேர்ந்து கண் திறந்த மாதிரி. அந்தத் தூரிகை நாராவின் ஷோசோயின் கருவூலத்தில் இன்றும் பத்திரமாக இருக்கிறது.

*

804-இல் சீனாவுக்குப் போன தூதுக் குழுவில் நான்கு கப்பல்கள். இரண்டுதான் ஒழுங்காகப் போய்ச் சேர்ந்தன. ஒன்றில் கூகாய், இன்னொன்றில் சாய்ச்சோ. அந்த இரண்டு கப்பல்களும் மூழ்கியிருந்தால் ஜப்பானின் சரித்திரம் என்ன ஆகியிருக்கும் என்று நான் அடிக்கடி நினைப்பதுண்டு.

சாய்ச்சோ அரசவையில் ஏற்கெனவே பெயர் பெற்றவர். கூகாய் யாருக்கும் தெரியாத இளைஞர். ஆனால் சீனத் தலைநகர் சாங்கானில் ஹுய்குவோ என்ற குருவிடம் சில மாதங்களில் தாந்திரிக பௌத்தத்தை முழுக்கக் கற்றுக்கொண்டு 806-இல் திரும்பினார். அதன் பெயர் ஷிங்கோன், 'மெய்ச்சொல்', அதாவது மந்திரம். 812-இல் சாய்ச்சோ தன்னைவிட இளையவரான கூகாயிடம் தீட்சை வாங்கிக்கொண்டார். பெரிய மனசுதான். அடுத்த வருடமே கசந்துவிட்டது. சாய்ச்சோ ஒரு உரைநூலை இரவல் கேட்க, இதெல்லாம் குருவிடம் நேரில் இருந்து கற்க வேண்டியது, புத்தகத்தில் படிப்பது அல்ல என்று கூகாய் மறுத்துவிட்டார். போதாததற்கு, சாய்ச்சோ அனுப்பி வைத்த அன்புச் சீடன் தாய்ஹன் திரும்பி வராமல் கூகாயிடமே தங்கிவிட்டான். ஒரு புத்தகம், ஒரு சீடன். ஜப்பானிய பௌத்தத்தின் இரண்டு பெரிய மலைகள் பேச்சுவார்த்தை இல்லாமல் போனது இப்படித்தான்.

ஷிங்கோன் கோயிலுக்குள் நுழையும் தமிழனுக்கு ஒரு விசித்திரமான உணர்வு வரும். தீ வளர்த்து, சமித்து போட்டு, மந்திரம் சொல்லும் சடங்கு நடக்கும். அதன் பெயர் 'கோமா'. ஹோமம்தான். முதல்முறை நரிதா விமான நிலையத்துக்குப் பக்கத்திலிருக்கும் ஷின்ஷோஜி கோயிலில் புகை மூட்டத்துக்கு நடுவே மேளம் அதிர அதைப் பார்த்தபோது, மனசு ஊரையே தேட ஆரம்பித்துவிட்டது. ஷிங்கோனின் குரு வரிசையில் வரும் வஜ்ரபோதியும் தென் இந்தியாவிலிருந்து கடல் வழியாகச் சீனா போனவர்.

இன்னொன்று. மந்திரங்களைச் சரியாக உச்சரிக்க இந்தத் துறவிகள் சித்தம் என்ற இந்திய எழுத்தைப் படித்தார்கள். அந்தப் படிப்பிலிருந்துதான் ஜப்பானிய எழுத்துகளுக்கு இப்போதுள்ள வரிசை வந்தது. உயிர்: அ, இ, உ, எ, ஒ. மெய் வரிசை: க, ச, த, ந, ஹ, ம, ய, ர, வ. அந்த 'ஹ' பழங்காலத்தில் 'ப'. இப்போது சத்தமாக ஒரு தரம் சொல்லிப் பாருங்கள். ஜப்பானிய வகுப்பில் எல்லா நாட்டுக்காரர்களும் இந்த அட்டவணையை உருப்போட்டுக்கொண்டிருந்தபோது நான் மட்டும் சும்மா உட்கார்ந்திருந்தேன். ஒன்றாம் வகுப்பில் படித்தாயிற்று.

*

சாய்ச்சோவின் கோயில் கியோத்தோவுக்கு வடகிழக்கே ஹியேய் மலையில் வளர்ந்தது. பிரிவின் பெயர் தெந்தாய். தாமரைச் சூத்திரம், தியானம், தாந்திரிகம், அமிதாபரின் பெயரைச் சொல்வது என்று எல்லாமே அங்கே கிடைக்கும். நாட்டின் தலைசிறந்த கல்விக்கூடம். கூடவே, நாட்டின் தலைசிறந்த அடியாள் படை. நிலத் தகராறு வந்தால் துறவிகள் ஆயுதங்களோடும் தெய்வப் பல்லக்கோடும் மலையிறங்கித் தலைநகருக்குள் புகுந்துவிடுவார்கள். பல்லக்கின் மேல் அம்பு விட யாருக்குத் துணிச்சல் வரும்? என் சொல் கேளாதவை மூன்று என்று ஷிராகாவா சக்கரவர்த்தி நொந்துகொண்டதாகச் சொல்வார்கள்: காமோ ஆற்றின் வெள்ளம், சூதாட்டப் பகடை, மலைத் துறவிகள்.

அந்தக் காலத்து மனிதர்களுக்கு உள்ளூர ஒரு பயம் இருந்தது. புத்தரின் போதனை தேய்ந்து தேய்ந்து, யார் என்ன செய்தாலும் ஞானம் கிட்டாத கடைசி யுகம் வரும், அது 1052-இல் தொடங்குகிறது என்று கணக்குப் போட்டு வைத்திருந்தார்கள். அடுத்த வருடம் உஜியில் ஒரு பிரபு அமிதாபருக்குக் குளத்தின் நடுவே மண்டபம் எழுப்பினார். அதைப் பார்க்க உஜி வரை போக வேண்டாம், பையில் 10 யென் நாணயம் இருந்தால் எடுத்துப் பாருங்கள். பிரபுவுக்கு மண்டபம் கட்ட வசதி இருந்தது. வசதி இல்லாதவன் என்ன செய்வான்?

இந்தக் கேள்விக்குப் பதில் சொன்னவர்கள் எல்லோரும் ஹியேய் மலையில் படித்தவர்கள், ஹியேயை விட்டு இறங்கியவர்கள். ஹோனென், ஷின்ரன், எய்சாய், தோகென், நிச்சிரென். மலையில் ஒரு பெரிய பலசரக்குக் கடை இருந்தது. ஒவ்வொருவரும் அதிலிருந்து ஒரே ஒரு சரக்கை எடுத்துக்கொண்டு, இது போதும், மற்றது வேண்டாம் என்று இறங்கி வந்தார்கள். என் பார்வையில் 'வேண்டாம்' என்று சொன்னதுதான் புதுசு. அதுவரை ஜப்பானிய பௌத்தத்தில் யாரும் எதையும் வேண்டாமென்று சொன்னதில்லை.

1175-இல் ஹோனென் எடுத்தது பெயர் சொல்வதை. 'நமு அமிதா புத்சு.' நமு என்பது நம் நமோதான். படிப்பு வேண்டாம், துறவு வேண்டாம், வாயால் சொல் போதும். மீனவன், வேட்டைக்காரன், விலைமகள் யாரானாலும் சரி. பழைய கோயில்கள் கொதித்துப்போய் அரசவையில் புகார் கொடுத்தன. 1207-இல் சீடர்கள் சிலருக்கு மரண தண்டனை, எழுபது தாண்டிய ஹோனெனுக்கு நாடு கடத்தல். நாடு கடத்தப்பட்டவர்களில் ஷின்ரன் ஒருவர்.

ஜோதோ ஷின்ஷூ இவர் வழியில் வந்தது. என் உறையின் சீட்டை மாற்ற வைத்தது இவர்தான். ஒன்பது வயதில் ஹியேய்க்குப் போய் இருபது வருடம் முயன்று, என்னால் ஆகாது என்று ஒப்புக்கொண்டு இறங்கியவர். எச்சிகோ என்ற பனிப் பிரதேசத்தில், துறவிப் பட்டம் பறிக்கப்பட்டு, மனைவி மக்களோடு வாழ்ந்தார். நான் துறவியும் இல்லை, இல்லறத்தானும் இல்லை என்று தன்னைப் பற்றி எழுதினார். ஹோனென் பெயரைச் சொல்லச் சொன்னார். ஷின்ரன் ஒரு படி தாண்டினார். சொல்வதுகூட உன் சாமர்த்தியம் இல்லை, உனக்குள்ளிருந்து அமிதாபர் சொல்ல வைக்கிறார் என்றார். நல்லவனுக்கே முக்தி உண்டென்றால் தீயவனுக்குக் கேட்கவா வேண்டும் என்று அவர் சொன்னதாகச் சீடர்கள் பதிந்திருக்கிறார்கள். அச்சுப் பிழை என்றுதான் முதலில் நினைத்தேன். பிழை இல்லை. தன்னை நல்லவன் என்று நம்புகிறவன் தன் பலத்தின் மேல் சாய்ந்திருக்கிறான். சாய எதுவும் இல்லாதவனுக்காகத்தான் அமிதாபர் சங்கற்பம் செய்துகொண்டார். இதை ஏற்றால் மிச்சமெல்லாம் தானாக வந்துவிடும். இறந்தவருக்காக நாம் புண்ணியம் சேர்த்து அனுப்ப வேண்டியதில்லை. 49 நாள் காத்திருக்க வேண்டியதில்லை. சாவு தீட்டில்லை. மற்றப் பிரிவினரின் துக்கத்துக்குப் போய் வந்தால் வாசலில் மேலே தூவிக்கொள்ள ஒரு சின்னப் பொட்டலத்தில் உப்பு தருவார்கள். ஜோதோ ஷின்ஷூவில் உப்பு கிடையாது.

இப்படிப்பட்டவரும் எண்பது தாண்டிய வயதில், தன் போதனையைத் திரித்தான் என்று சொந்த மகனையே தள்ளி வைக்க வேண்டி வந்தது. அந்தக் கடிதத்தைப் பற்றிப் படித்த அன்று எனக்கு வேறெதுவும் ஓடவில்லை.

ஜென்னைப் பற்றி நிறைய எழுத வேண்டியதில்லை, அதற்கு உலகம் முழுக்க ஆள் இருக்கிறது. எய்சாய் சீனாவிலிருந்து ரின்சாய் ஜென்னோடு தேயிலைப் பழக்கத்தையும் பரப்பினார், சாமுராய்களுக்குப் பிடித்துப்போனது. தோகென் மட்டும் கொஞ்ச நேரம் நிற்கட்டும். 1223-இல் சீனத் துறைமுகத்தில் கப்பலிலேயே அவர் தங்கியிருந்தபோது, ஜப்பானியச் சரக்கு வாங்க ஒரு கிழத்துறவி ஏறி வந்தார். 61 வயது, தூரத்து மடத்தின் சமையல்காரர். நாளைக்கு மடத்தில் எல்லோருக்கும் நூடுல்ஸ் போட வேண்டும், அதற்காக வந்தாராம். ராத்திரி தங்கிப் பேசிவிட்டுப் போங்களேன் என்றார் தோகென். சமையல் என் பொறுப்பு, முடியாது என்றார் கிழவர். இந்த வயதில் தியானம், நூல் என்று இருக்காமல் அடுப்படி வேலை எதற்கு என்று கேட்டார் தோகென், இருபதுகளின் திமிரோடு. கிழவர் சத்தமாகச் சிரித்து, வெளியூர்த் தம்பிக்குப் பயிற்சி என்றால் என்னவென்று இன்னும் தெரியவில்லை என்று சொல்லிவிட்டுப் பொழுது சாய்வதற்குள் கிளம்பிவிட்டார். தோகென் அதை மறக்கவில்லை. 1237-இல் மடத்துச் சமையல்காரருக்கென்றே ஒரு கையேடு எழுதினார். அரிசி களைவது எப்படி என்பதுகூட அதில் உண்டு. அவருடைய சோதோ பிரிவுக்கு இன்று ஜப்பானில் சுமார் 14,000 கோயில்கள்.

நிச்சிரென் வேறு ரகம். தாமரைச் சூத்திரம் ஒன்றே மெய், மற்றவை நாட்டைக் கெடுக்கும் என்று மற்றப் பிரிவுகளைப் பெயர் சொல்லித் திட்டியவர். இரண்டு தரம் நாடு கடத்தப்பட்டார், ஒரு தரம் தலை தப்பியதே அதிசயம். அந்நியப் படையெடுப்பு வரும் என்று எச்சரித்திருந்தார், 1274-இல் மங்கோலியர் வந்தே விட்டார்கள். அப்புறம் அவரைக் கையில் பிடிக்க முடியுமா? நம் மேடைப் பேச்சாளர்களோடு அவருக்கு நன்றாக ஒத்துப்போயிருக்கும்.

*

ஷின்ரன் போனபின் இருநூறு வருடம் கழித்து, அவர் வழி வந்த ரென்னியோ எளிய நடையில் கடிதங்கள் எழுதிக் கிராமம் கிராமமாக இயக்கத்தைக் கட்டினார். அது அவர் நினைத்ததைவிடப் பெரிதாகிவிட்டது. 1488-இல் காகா பிரதேச விசுவாசிகள் ஆளுநரைக் கவிழ்த்தார்கள். ஏறத்தாழ நூறு வருடம் அங்கே பிரபு ஆட்சி இல்லை. செத்தால் தூய நாடு நிச்சயம் என்று நம்புகிற விவசாயியை எதைச் சொல்லிப் பயமுறுத்துவது? நாட்டைத் தன் கீழ் கொண்டுவரப் போரிட்ட ஓதா நொபுநாகாவுக்கு இது நன்றாகத் தெரிந்திருந்தது. 1571-இல் ஹியேய் மலையைத் தீக்கிரையாக்கினார். ஒசாகாவில் இருந்த, ஷின்ரன் வழி இயக்கத்தின் தலைமையிடமான ஹொங்கன்ஜி கோயில் கோட்டையைப் பணிய வைக்க அவருக்குப் பத்து வருடம் பிடித்தது. 1602-இல், அடுத்து ஆட்சியைப் பிடித்த தோகுகாவா இயேயாசு புத்திசாலித்தனமாக ஒரு வேலை செய்தார். ஹொங்கன்ஜி தலைமைக் குடும்பத்துச் சகோதரச் சண்டையில் ஒருவருக்குத் தனி இடம் கொடுத்து இயக்கத்தை இரண்டாக்கிவிட்டார். கியோத்தோவில் மேற்கு ஹொங்கன்ஜியும் கிழக்கு ஹொங்கன்ஜியும் நடந்து போகும் தூரத்தில் இன்றும் முறைத்துக்கொண்டு நிற்கின்றன. சாவுச் சடங்கில் மேற்குப் பிரிவினர் தூபப் பொடியை ஒரு சிட்டிகை போட வேண்டும், கிழக்குப் பிரிவினர் இரண்டு.

அப்புறம்தான் பதிவேடு வருகிறது. என்னைக் கேட்டால் ஜப்பானிய பௌத்தத்தின் மிக முக்கியமான நூல் இதுதான், எந்தச் சூத்திரமும் இல்லை.

1614-இல் கிறிஸ்தவம் நாடு முழுக்கத் தடை செய்யப்பட்டது. 1637-இல் ஷிமாபாராவில் கிறிஸ்தவ விவசாயிகள் கிளர்ந்தெழ, அரசின் பயம் இரட்டிப்பானது. ஒவ்வொரு குடும்பமும் ஏதாவது ஒரு கோயிலில் பெயரைப் பதிந்து, இவர்கள் கிறிஸ்தவர்கள் இல்லை என்று பூசகரிடம் சான்று வாங்க வேண்டும். பிறப்பு, கல்யாணம், வேலைக்கு வெளியூர் போவது எல்லாவற்றுக்கும் அந்தச் சான்று. கோயில் தாலுகா ஆபீஸாகிவிட்டது. அப்படிப் பதிந்த குடும்பத்துக்கு 'தன்கா' என்று பெயர். அதிலுள்ள 'தன்' வேறெங்கிருந்தும் வரவில்லை, நம் தானம் என்ற சொல்தான். அதே சொல் 'தன்னா' என்று ஆகிக் காலப்போக்கில் 'கணவர்' என்ற பொருளுக்கு வந்துவிட்டது. எங்கள் குடியிருப்பில் பெண்கள் கூடி நின்று தன்னாவைக் குறை சொல்லும்போதெல்லாம் எனக்குள் சிரிப்பு வரும், கொடுப்பவர் என்றல்லவா அர்த்தம்!

கேட்டு, தேர்ந்து, ஊரை விட்டு ஓடி, தலையைக் கொடுத்துச் சேர்ந்த பிரிவு இப்போது பிறப்பிலேயே கிடைத்தது. மாற முடியாது. புதுப் பிரிவு தொடங்கவும் முடியாது. ஒவ்வொரு கோயிலும் ஏதாவது ஒரு தலைமைக் கோயிலின் கீழ். பூசகருக்கு வருமானம் நிச்சயம். போதிக்க வேண்டிய அவசியம் குறைந்தது, சாவுச் சடங்கு மிஞ்சியது. இதை ஒரேயடியாகப் பழிக்கவும் எனக்கு மனசு வரவில்லை. ஊருக்கு ஒரு கோயில், பிள்ளைகளுக்கு எழுத்தறிவு, ஏழைக்கும் முறையான இறுதிச் சடங்கு எல்லாம் இந்த ஏற்பாட்டில் வந்தவைதான்.

புதிதாக வந்த மேய்ஜி அரசு 1868-இல், ஜப்பானின் பழைய தெய்வ வழிபாடான ஷிந்தோவையும் பௌத்தத்தையும் பிரித்தபோது பல ஊர்களில் கூட்டம் கோயில்களை அடித்து நொறுக்கியது. நாராவில் கொஃபுகுஜியின் ஐந்தடுக்குக் கோபுரமே விலைக்கு வந்ததாகச் சொல்வார்கள். 1872-இல் இன்னொரு உத்தரவு. துறவிகள் மாமிசம் சாப்பிடுவது, கல்யாணம் செய்துகொள்வது, முடி வளர்ப்பது எல்லாம் அவரவர் விருப்பம் என்றது. அறுநூறு வருடத்துக்கு முன் ஷின்ரன் ஒருவர் பட்ட பாட்டை ஒரே தாளில் எல்லோருக்கும் பொதுவாக்கிவிட்டார்கள். இன்று கோயில் அப்பாவிடமிருந்து பிள்ளைக்குப் போகும் குடும்பச் சொத்து மாதிரி. ஆகஸ்டில், முன்னோரை வணங்கும் ஓபோன் நாட்களில், அங்கி படபடக்க ஸ்கூட்டரில் வீடு வீடாகப் போகும் பூசகர்களைப் பார்க்கலாம். பலர் மற்ற நாட்களில் வேறு வேலை பார்க்கிறவர்கள்.

*

அன்று சாயங்காலம் மண்டபத்தில் பூசகர் ஓதிக்கொண்டிருந்தார். பெரிய திரையில் பொன் நிறத்தில் அமிதாபர். வரிசையில் என் முறை நெருங்க நெருங்க முன்னால் போகிறவர்களின் கையையே பார்த்துக்கொண்டிருந்தேன். மூன்று விரலால் பொடியை எடுத்து, நெற்றிவரை உயர்த்தாமல், தணல் மேல் ஒரே ஒரு தரம். அப்படியானால் மேற்கு. ஆனால் ஒரு பெரியவர் நெற்றிக்கு உயர்த்தி மூன்று தரம் போட்டார், அவர் ஷிங்கோன் வீடாக இருக்கும். யாரும் எதுவும் சொல்லவில்லை. நானும் ஒரு சிட்டிகை போட்டுக் கும்பிட்டேன். எங்கள் தலைவர் குனிந்து வணங்கினார். வெளியே வந்தபோது கையில் ஒரு பை கொடுத்தார்கள், உள்ளே தேநீர்ப் பொட்டலம். உப்பு இல்லை.

இரண்டு வாரம் கழித்து மத்தியானம் சோபா நூடுல்ஸ் கடையில் அந்தப் பக்கத்து இருக்கைக்காரர் திடீரென்று சொன்னார்: "அம்மாவைக் கேட்டேன்." அம்மாவுக்கும் உடனே தெரியவில்லையாம். பூஜை அலமாரியின் கீழ் இழுப்பறையைத் துழாவி, தாத்தா இறந்தபோது கோயிலில் கொடுத்த ரசீதைக் கண்டுபிடித்துப் பார்த்திருக்கிறார். "சோதோ. ரெண்டு சிட்டிகை. முதல் சிட்டிகையை நெற்றிக்கு உயர்த்தணும், ரெண்டாவதை உயர்த்தக் கூடாது."

மேஜை மேலிருந்த மிளகாய்ப் பொடியை எடுத்துத் தன் கிண்ணத்தின் மேல் செய்து காட்டினார். இரண்டாவதையும் மறந்துபோய் நெற்றிக்கு உயர்த்திவிட்டு, கண்ணில் பட்டுத் தும்மினார்.